பெயரை மீட்ட தொழிலாளர்: ஏ. பிலிப் ராண்டால்ஃபின் வாழ்வும் பணியும்

நம் சங்கத்தின் வெள்ளிவிழா மலரில் அமெரிக்க நாட்டுத் தலைவர் ஒருவரைப் பற்றிய கட்டுரை இடம்பெறுவது சிலருக்கு வியப்பாக இருக்கலாம். ஆகவே அதற்கான காரணத்தை முதலிலேயே கூறிவிடுவது முறையாகும்.

1963-ஆம் ஆண்டு ஆகஸ்டு 28-ஆம் நாள் வாஷிங்டன் நகரில் ஏறத்தாழ இரண்டரை இலட்சம் மக்கள் திரண்ட பேரணியையும், அங்கே மார்ட்டின் லூதர் கிங் ஆற்றிய உரையையும் அறியாத இளைஞர் நம்மிடையே அரிது. ஆனால் அன்று அக்கூட்டத்தைத் தொடங்கி வைத்துப் பேசிய எழுபத்து நான்கு வயது முதியவர் யார் என்று கேட்டால் விடை கூறுவோர் மிகச் சிலரே. அவர்தாம் ஆசா பிலிப் ராண்டால்ஃப். அத்தகைய பேரணி ஒன்றை அவர் முதன்முதலில் திட்டமிட்டது 1941-ஆம் ஆண்டில். அதற்கும் முன்னர், ஏழைத் தொழிலாளர்களின் சங்கம் ஒன்றை நிறுவி, முதலாளியின் கையெழுத்தை ஓர் ஒப்பந்தத்தில் பெறுவதற்கே அவருக்கு முழுமையாகப் பன்னிரண்டு ஆண்டுகள் பிடித்தன. அந்தப் பன்னிரண்டு ஆண்டுகளைப் பற்றியே நாம் இங்குச் சற்று விரிவாக எழுத விரும்புகிறோம். மேடையும் மாலையும் கிடைத்த ஆண்டுகளை எவரும் எழுதுவர். அலுவலகத்துக்கு வாடகை கட்ட வழியில்லாமல் கழிந்த ஆண்டுகளை எழுதுவார் குறைவு.

இளமைப் பருவம்

ராண்டால்ஃப் 1889-ஆம் ஆண்டு ஏப்ரல் 15-ஆம் நாள், புளோரிடா மாநிலத்தில் கிரெசன்ட் சிட்டி என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தை கறுப்பின மக்களின் திருச்சபையில் போதகர். ஏழைச் சபையார் தரும் காணிக்கை குடும்பத்துக்குப் போதாமையால் தையல் தொழிலும் செய்தார். தாயாரும் தையல் வேலை செய்தவரே. பிள்ளைகள் இருவர், பிலிப் இளையவர். அவருக்கு இரண்டு வயதாகும்போது குடும்பம் ஜாக்சன்வில் நகருக்குக் குடிபெயர்ந்தது.

அடிமை முறை 1865-இல் சட்டப்படி ஒழிக்கப்பட்டுவிட்டது என்று நாம் பாடப் புத்தகங்களில் படிக்கிறோம். அது ஒழிந்து இருபத்து நான்கு ஆண்டுகளுக்குப் பின் பிறந்த இச்சிறுவன் கண்ட உலகம் வேறு. பள்ளிக்கூடம் தனி, வண்டியில் இருக்கை தனி, வாக்குரிமை ஏட்டில் மட்டும். குற்றம் சாட்டப்பட்ட கறுப்பினத்தவரைச் சிறையிலிருந்து இழுத்துச் சென்று மரத்தில் தூக்கிலிடும் கும்பல்களை எந்தச் சட்டமும் தடுக்கவில்லை. ஓர் இரவு அத்தகைய கும்பல் ஒன்று கூடப்போவதாகச் செய்தி வந்தது. தந்தையார் துப்பாக்கி ஒன்றை எடுத்துக்கொண்டு அண்டை அயலாருடன் சென்று சிறைக்கு வெளியே இரவு முழுதும் காவல் நின்றார். தாயார் மற்றொரு துப்பாக்கியை மடிமேல் வைத்துக்கொண்டு, உறங்கும் பிள்ளைகளுக்குக் காவலாக வீட்டில் விழித்திருந்தார். அன்று ஒரு குண்டும் சுடப்படவில்லை. சிறையில் இருந்தவரின் உயிர் தப்பியது. ராண்டால்ஃப் இந்நிகழ்ச்சியை முதுமை வரை மறக்கவில்லை. கூடி நின்றால் சுடாமலே வெல்லலாம் என்பதை அவர் எந்த நூலிலும் படித்து அறிந்ததாக நமக்குத் தோன்றவில்லை.

குக்மன் கல்வி நிலையத்தில் 1907-இல் முதல் மாணவராகத் தேறினார். ஆனால் அந்நகரில் கறுப்பின இளைஞனின் முதல் மதிப்பெண்ணுக்கு விலை ஏதுமில்லை. கடைகளிலும் சாலைகளிலும் உடலுழைப்பு வேலையே கிடைத்தது. 1911-இல் நியூயார்க்குக்குப் புறப்பட்டு ஹார்லெம் பகுதியில் தங்கினார். பகலில் லிப்ட் இயக்குவது, உணவு பரிமாறுவது போன்ற எடுபிடி வேலைகள். மாலையில், கட்டணம் இல்லாத நகரக் கல்லூரியில் வகுப்பு. நடிகராக வேண்டும் என்பது அவருடைய ஆசை. ஷேக்ஸ்பியர் நாடகங்களை மனப்பாடம் செய்து உரத்த குரலில் பயின்றார். பெற்றோர் அதற்கு இசையவில்லை. நாடக மேடை போயிற்று. ஆனால் பயின்ற குரல் எஞ்சியது. பிற்காலத்தில் அவர் பேசினால் ஆலய மணி ஒலிப்பது போல் இருக்குமென்று கேட்டோர் வியந்தனர்.

அதே ஆண்டுகளில், அதாவது 1913 முதல் 1916 வரை, ஹார்லெமுக்கு அருகிலேயே உள்ள கொலம்பியாப் பல்கலைக்கழகத்தில்தான் அண்ணல் அம்பேத்கர் பயின்று வந்தார் என்பதை நம் இளைஞர்கள் இங்கே நினைவிற் கொள்ளலாம்.

சமதர்மக் கொள்கை

1914-ஆம் ஆண்டையொட்டி ராண்டால்ஃப் லூசில் கிரீன் என்னும் அம்மையாரை மணந்தார். அவர் ஆசிரியப் பணியை விட்டுக் கூந்தல் ஒப்பனை நிலையம் நடத்தி வந்தவர். நல்ல வருவாய் உடையவர். ராண்டால்ஃபின் வரலாற்றை எழுதுவோர் இவ்வம்மையாரை ஒரு வரியில் கடந்துவிடுகின்றனர். அது நன்றன்று. கணவர் சம்பளம் இல்லாமல் பொதுப்பணி செய்த ஆண்டுகளில் வீட்டு அடுப்பு எரிந்தது அவருடைய உழைப்பால். கணவரின் அரசியலுக்கு அஞ்சி வாடிக்கையாளர் பலர் விலகிச் சென்றபோதும் அவர் கணவரைத் தடுக்கவில்லை. சாண்ட்லர் ஓவன் என்னும் தோழரை ராண்டால்ஃபுக்கு அறிமுகம் செய்து வைத்தவரும் அவரே.

ராண்டால்ஃபும் ஓவனும் நூலகங்களில் ஒன்றாக அமர்ந்து பொருளாதாரமும் சமதர்மமும் பயின்றனர். இன வெறுப்பு வெறும் மனநோய் அன்று. குறைந்த கூலிக்கு ஆள் கிடைக்க வேண்டுமென்பதற்காகப் போற்றி வளர்க்கப்படுவது. கறுப்பரும் வெள்ளையரும் கூலிக்காரர் என்ற முறையில் ஒன்றுபடாத வரை இருவர் கூலியும் உயராது என்ற முடிவுக்கு அவர்கள் வந்தனர். 1916-இல் ராண்டால்ஃப் சோஷலிஸ்டுக் கட்சியில் சேர்ந்தார். 1917-இல் இருவரும் ‘மெசஞ்சர்’, அதாவது ‘தூதன்’, என்னும் மாத இதழைத் தொடங்கினர். அமெரிக்கா முதல் உலகப் போரில் இறங்கியிருந்த காலம் அது. தம் நாட்டில் உரிமை இல்லாத கறுப்பினத்தவர் அயல்நாட்டில் எந்த உரிமைக்காகப் போரிடுவது என்று அவ்விதழ் வினவியது.

1918-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் கிளீவ்லாந்து நகரில் இதழை விற்றுக்கொண்டே பேசியபோது இருவரும் கைது செய்யப்பட்டனர். வழக்கு மன்றத்தில் நடந்தது நகைப்புக்கும் உரியது, வேதனைக்கும் உரியது. இதழைப் படித்துப் பார்த்த நீதிபதி, இவ்வளவு தெளிவான கட்டுரைகளைக் கறுப்பின இளைஞர் இருவர் எழுதியிருக்க இயலும் என்பதை நம்பவே மறுத்தார். வெள்ளைக்காரச் சோஷலிஸ்டுகள் எழுதி இவர்கள் பெயரில் வெளியிட்டிருக்க வேண்டுமென்று முடிவு கட்டி, பையன்களே, வீடு போய்ச் சேருங்கள் என்ற பொருள்படக் கூறி விடுவித்தார். அப்போது அந்தப் ‘பையன்’ ராண்டால்ஃபுக்கு வயது இருபத்தொன்பது! கற்றவன் என்று ஒப்புக்கொள்வதைவிடக் குற்றமற்றவன் என்று விடுவித்துவிடுவது அந்த நீதிபதிக்கு எளிதாக இருந்தது. அடுத்த ஆண்டே அந்நாட்டுத் தலைமை அரசு வழக்கறிஞரின் அறிக்கை, கறுப்பின மக்களின் இதழ்களிலெல்லாம் திறமையும் ஆபத்தும் மிக்கது இவ்விதழே என்று குறிப்பிட்டது.

1920-இல் நியூயார்க் மாநிலக் கணக்குத் தலைமை அதிகாரி பதவிக்குச் சோஷலிஸ்டுக் கட்சி வேட்பாளராக நின்று, இரண்டு இலட்சத்துக்கும் மேற்பட்ட வாக்குகள் பெற்றார். வெற்றி இல்லை. 1922-இலும் போட்டியிட்டார், அப்போதும் வெற்றி இல்லை. முப்பத்தாறு வயது வரை அவர் தொட்ட சங்கங்கள் எவையும் நிலைக்கவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும்.

புல்மன் வண்டியின் போர்ட்டர்கள்

இங்கே ஒரு விளக்கம் தேவை. நம் ரயில் நிலையங்களில் போர்ட்டர் என்றால் தலையில் சுமை தூக்குபவர். அமெரிக்காவில் புல்மன் கம்பெனியின் போர்ட்டர் வண்டியிலேயே பயணம் செய்யும் பணியாள். இரவுப் பயணத்துக்கான படுக்கைப் பெட்டிகளைக் கட்டி, நாடு முழுவதும் ரயில்களில் இணைத்து ஓட்டியது அக்கம்பெனி. ஜார்ஜ் புல்மன் என்பவர் அதை 1867-இல் தொடங்கினார். பணியாளராக அவர் தேடிப் பிடித்தவர்கள் அப்போதுதான் அடிமைத்தளையிலிருந்து விடுபட்டிருந்த கறுப்பின மக்கள். பணிந்து பழகியவர்கள், குறைந்த கூலிக்கு வருவார்கள் என்பதே கணக்கு. 1920-களில் பதினாயிரத்துக்கும் மேற்பட்ட கறுப்பினத்தவர் அங்கே வேலை பார்த்தனர்.

படுக்கை விரிப்பது, மடிப்பது, சுமை எடுத்து வைப்பது, காலணிக்கு மெருகு போடுவது, குழந்தை அழுதால் வேடிக்கை காட்டுவது, நள்ளிரவில் மணி அடித்தால் ஓடுவது ஆகிய அனைத்தும் போர்ட்டரின் கடமை. மாதத்துக்கு ஏறத்தாழ 400 மணி நேரம் அல்லது 11,000 மைல் ஓடினால்தான் முழுச் சம்பளம். 1920-களின் நடுவில் அச்சம்பளம் மாதம் அறுபத்தேழரை டாலர். வண்டி புறப்படுவதற்கு முன் பெட்டியைச் சீர்செய்யும் மணிகளுக்குக் கூலி கிடையாது. மெருகு மைக்கும் உணவுக்கும் அவரே செலவிட வேண்டும். மீதியைப் பயணிகள் தரும் இனாமில் ஈடுகட்டிக்கொள்ளலாம் என்றது கம்பெனி. இனாமில் வாழ்பவன் எப்பொழுதும் சிரித்த முகமாக இருந்தாக வேண்டும். எவன் எவ்வளவு இழிவாகப் பேசினாலும் அந்தச் சிரிப்பை விடக்கூடாது. இதனாற்றான் சங்கம் தன் கோரிக்கைகளில், இனாம் வேண்டாம், வாழத்தக்க கூலி வேண்டும் என்பதையும் ஒன்றாக வைத்தது.

எல்லாவற்றினும் கொடியது பெயர். பயணிகள் எந்தப் போர்ட்டரையும் ‘ஜார்ஜ்’ என்றே அழைத்தனர். அடிமையை ஆண்டையின் பெயரால் அழைத்த பழைய வழக்கத்தின் தொடர்ச்சி அது. ஜார்ஜ் புல்மனின் ஆட்கள் எல்லாரும் ஜார்ஜ்! ஐம்பது வயதுப் பெரியவரையும் ஐந்து வயதுச் சிறுவன் அப்படித்தான் கூவி அழைப்பான். இதை எதிர்த்து 1914-இல் ஒரு சங்கம் தோன்றியது என்பதைக் கேட்டு மகிழ்ந்துவிட வேண்டாம். அச்சங்கத்தைத் தொடங்கியவர் ஜார்ஜ் என்ற பெயர் கொண்ட வெள்ளைக்காரச் செல்வர். தம் பெயர் போர்ட்டர்களுக்கு வழங்குவது தமக்கு இழுக்கென்று கருதி வேடிக்கையாக அதை ஏற்படுத்தினார்!

ஆயினும் இந்தப் போர்ட்டர்கள் தம் மக்களிடையே மதிப்புப் பெற்றவர்கள். ஊர் ஊராகச் சென்று உலகம் கண்டவர்கள். பயணிகள் விட்டுச் சென்ற செய்தித்தாள்களையும் புத்தகங்களையும் வீட்டுக்குக் கொண்டு வந்து பிள்ளைகளைப் படிக்க வைத்தவர்கள். வடக்கே சிகாகோவில் அச்சான ‘டிபெண்டர்’ என்னும் கறுப்பின மக்களின் இதழைக் கட்டுக்கட்டாக மறைத்து எடுத்துச் சென்று தென்மாநிலச் சிற்றூர்களில் சேர்ப்பித்தவர்களும் இவர்களே. வேலைவாய்ப்பு எங்கே உண்டு, கொடுமை எங்கே நடந்தது என்பதை அம்மக்கள் அறிந்தது இவ்வாறுதான்.

பன்னிரண்டு ஆண்டுகள்

1925-ஆம் ஆண்டு ஆஷ்லி டாட்டன் என்னும் போர்ட்டர் ராண்டால்ஃபிடம் வந்து, தங்களுக்குச் சங்கம் அமைத்துத் தருமாறு வேண்டினார். ராண்டால்ஃப் போர்ட்டர் அல்லர். ஒரு நாளும் அவ்வேலை செய்தவர் அல்லர். அவரை நாடியதற்கு அதுவே காரணம். கம்பெனி அவரை வேலையிலிருந்து நீக்க முடியாதல்லவா!

ஆகஸ்டு 25-ஆம் நாள் இரவு ஹார்லெமில் ஒரு மண்டபத்தில் ஏறத்தாழ ஐந்நூறு பேர் கூடினர். கம்பெனியின் ஒற்றர்களும் கூட்டத்தில் இருப்பர் என்பது ராண்டால்ஃபுக்குத் தெரியும். எனவே அன்று இறைவணக்கம் முதல் நன்றியுரை வரை எல்லாவற்றையும் அவர் ஒருவரே செய்தார். எந்தப் போர்ட்டரும் வாய் திறக்க வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார். பேசியவர் எவரும் இல்லை என்பதால் ஒற்றர்களுக்கு எழுதிக் கொடுக்கப் பெயர் எதுவும் கிடைக்கவில்லை. இவ்வாறு பிறந்தது ‘படுக்கைப் பெட்டிப் போர்ட்டர்களின் சகோதரச் சங்கம்’. மாதம் 240 மணி நேர வேலை, 150 டாலர் சம்பளம், சங்கத்துக்கு ஏற்பு என்பவை அதன் கோரிக்கைகள்.

கம்பெனி பல வழிகளில் தாக்கியது. சங்கத்தில் சேர்ந்தவர்களை நூற்றுக்கணக்கில் வேலை நீக்கம் செய்தது. தானே ஒரு போலிச் சங்கத்தை வைத்துக்கொண்டு, குறை இருந்தால் அங்கே சொல்லுங்கள் என்றது. பிலிப்பைன்ஸ் நாட்டவரைச் சில பெட்டிகளில் வேலைக்கு அமர்த்தி, உங்களுக்குப் பதில் ஆள் உண்டு என்று மிரட்டியது. நம் நெஞ்சை உறுத்துவது இவையல்ல. கறுப்பினத் திருச்சபைப் போதகர் பலரும், கறுப்பின இதழ்கள் பலவும் கம்பெனியின் பக்கம் நின்றதே உறுத்துகிறது. கம்பெனி நன்கொடையும் விளம்பரமும் அளித்து வந்தது. வேலை கொடுத்தவனை எதிர்க்கலாமா, நன்றி கொன்றவர் ஆகலாமா என்று அவர்கள் உபதேசம் செய்தனர். போர்ட்டர்கள் மறைத்துச் சுமந்து வளர்த்த அந்த ‘டிபெண்டர்’ இதழும் தொடக்கத்தில் சங்கத்தை எதிர்த்தது! பிறகு மனம் மாறி ஆதரித்தது. தாழ்த்தப்பட்ட மக்களின் வரலாற்றில் இத்தகைய உபதேசியார்களுக்குப் பஞ்சமே இருந்ததில்லை.

1928-இல் வேலைநிறுத்தம் செய்ய வாக்கெடுப்பு நடந்தது. ஆறாயிரத்துக்கும் மேற்பட்டோர் வேலைநிறுத்தத்துக்கு இசைந்தனர். ஜூன் 8-ஆம் நாள் குறிக்கப்பட்டது. கம்பெனி மாற்று ஆட்களைத் திரட்டி வைத்திருந்தது. அரசின் சமரசக் குழு, இது தலையிட வேண்டிய நெருக்கடி அன்று என்று கைவிரித்தது. தொழிலாளர் சம்மேளனத் தலைவரும் பொறுத்திருக்குமாறு ஆலோசனை கூறினார். வேலைநிறுத்தம் தொடங்கச் சில மணி நேரமே இருந்தபோது ராண்டால்ஃப் அதைத் தள்ளிவைத்தார்.

அதன் பின் சங்கம் சரிந்தது. கோழை என்றனர், விலை போனவர் என்றும் சிலர் தூற்றினர். உறுப்பினர் தொகை ஆயிரக்கணக்கிலிருந்து சில நூறாகக் குறைந்தது. ‘மெசஞ்சர்’ இதழ் அதே ஆண்டு நின்றது. 1929-இல் உலகப் பொருளாதார வீழ்ச்சி வந்தது. சந்தா கொடுக்க ஆளில்லை. அலுவலகத்தின் மின்விளக்கு துண்டிக்கப்பட்டது. வாடகை கட்டாததால் இடத்தையும் இழந்தனர். ராண்டால்ஃப் தேய்ந்து ஓட்டை விழுந்த காலணியுடனும், ஒரே உடுப்பைத் துவைத்துத் துவைத்து உடுத்தியும் கூட்டங்களுக்குச் சென்றார். சிகாகோவில் மில்டன் வெப்ஸ்டரும் ஓக்லாந்தில் டெல்லம்ஸும் தத்தம் ஊர்க் கிளைகளை அணையாமல் காத்தனர். போர்ட்டர்களின் மனைவியர் மகளிர் மன்றங்கள் அமைத்து, விருந்து சமைத்து விற்றும், நிகழ்ச்சிகள் நடத்தியும் சிறுகச் சிறுகப் பணம் சேர்த்தனர். கணவன் உறுப்பினன் என்பது தெரிந்தால் வேலை போய்விடும் என்ற அச்சத்தால், அவனுக்குப் பதிலாகக் கூட்டத்துக்குப் போனவர்களும் மனைவியரே.

தொடக்கத்தில் வெளியாரின் அறநிதி ஒன்றிலிருந்து சங்கத்துக்கு உதவி கிடைத்தது உண்டு. அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் அந்தப் பணம் தீர்ந்து, வெளியார் மறந்து, எல்லாரும் கைவிட்ட பிறகு எஞ்சிய சில நூறு பேரின் சந்தாவே சங்கத்தை உயிருடன் வைத்திருந்தது. பிற்காலத்தில் ராண்டால்ஃப் எந்த இயக்கத்தைத் தொடங்கினாலும், இது நம் மக்களின் சொந்தக் காசில் நடக்க வேண்டும் என்று பிடிவாதமாக இருந்ததன் வேர் இங்கேதான் உள்ளதென்று நாம் கருதுகிறோம். 1940-இல், தாம் தலைவராக இருந்த தேசிய நீக்ரோ காங்கிரஸ் என்னும் அமைப்பிலிருந்து அவர் விலகியதற்கும் பிறர் பணமும் பிறர் கட்டளையும் அங்கே புகுந்ததே காரணம்.

காலம் மாறியது. ரூஸ்வெல்ட் ஆட்சியில் 1934-இல் திருத்தப்பட்ட ரயில்வேத் தொழிலாளர் சட்டம் போர்ட்டர்களையும் தன் வரம்புக்குள் கொண்டு வந்தது. 1935-இல் அரசு மேற்பார்வையில் நடந்த இரகசிய வாக்கெடுப்பில் கம்பெனிக்கு வேண்டிய சங்கத்தைவிட ஏறத்தாழ நான்கு மடங்கு வாக்குகளை ராண்டால்ஃபின் சங்கம் பெற்றது. எங்கே ஒளிந்திருந்தார்கள் அத்தனை பேரும்! சில நூறு பேர் வெளிப்படையாக நின்றனர்; பல ஆயிரம் பேர் உள்ளத்தில் நின்றிருந்தனர். அதன் பின்னும் கம்பெனி இரண்டாண்டு இழுத்தடித்தது. 1937-ஆம் ஆண்டு ஆகஸ்டு 25-ஆம் நாள், சங்கம் தோன்றிய அதே நாளில், பன்னிரண்டாம் ஆண்டு நிறைவில், ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. மாத வேலை நேரம் 400 மணியிலிருந்து 240 மணியாகக் குறைந்தது. கூலி உயர்வின் மொத்த மதிப்பு ஆண்டுக்குப் பன்னிரண்டரை இலட்சம் டாலர். அமெரிக்காவின் பெரிய கம்பெனி ஒன்று கறுப்பினத் தொழிலாளர் சங்கத்துடன் செய்துகொண்ட முதல் ஒப்பந்தம் அதுவே.

1928-இல் அவர் பின்வாங்கியது சரியா என்ற வினா இன்றும் உண்டு. வேலையின்மையால் வாடிய மக்கள் நிறைந்த நாட்டில், மாற்று ஆட்கள் காத்திருக்க, அன்று வேலைநிறுத்தம் நடந்திருந்தால் சங்கம் ஒரே வாரத்தில் அழிந்திருக்கும் என்பதே நம் கருத்து. ஆனால் அம்முடிவின் பழியை ஏழாண்டு சுமந்தவர் அவர். கருத்துக் கூறுவது நமக்கு எளிது.

பேரணி

இரண்டாம் உலகப் போருக்கான ஆயுத ஆலைகள் 1940, 1941-ஆம் ஆண்டுகளில் இரவு பகலாக இயங்கின. கறுப்பினத்தவருக்கு அங்கே வேலை இல்லை. கிடைத்தால் கூட்டிப் பெருக்கும் வேலைதான். 1941 ஜனவரியில் ராண்டால்ஃப் ஓர் அறைகூவல் விடுத்தார். கறுப்பின மக்கள் தலைநகருக்கு நடந்து சென்று வேலை கேட்பர் என்றார். முதலில் பதினாயிரம் பேர் என்று சொன்னவர், ஆதரவு பெருகக் கண்டு ஓரிலட்சம் என்றார். போர்ட்டர்கள் ரயில் செல்லும் ஊர்தோறும் அச்செய்தியைக் கொண்டு சேர்த்தனர். ஜூலை 1-ஆம் நாள் குறிக்கப்பட்டது.

ஜூன் 18-ஆம் நாள் குடியரசுத் தலைவர் ரூஸ்வெல்ட் அவரை அழைத்துப் பேசினார். இனிய சொற்களால் மனம் மாற்றுவதில் வல்லவர் ரூஸ்வெல்ட். ராண்டால்ஃபோ எழுத்தில் ஆணை வேண்டும் என்பதையே திரும்பத் திரும்பக் கூறினார். உண்மையில் எத்தனை பேர் வருவர் என்று ரூஸ்வெல்ட் கேட்டபோது, ஓரிலட்சம் என்று விடை வந்தது. ஜூன் 25-ஆம் நாள் 8802-ஆம் எண் ஆணை வெளியாயிற்று. ஆயுத ஆலைகளிலும் அரசு வேலைகளிலும் இன வேற்றுமை பாராட்டுவதை அது தடை செய்தது. பேரணி கைவிடப்பட்டது. இம்முறையும் இளைஞர் பலர் அவரைச் சாடினர். இராணுவத்தில் கறுப்பர் தனிப் படை, வெள்ளையர் தனிப் படை என்ற நிலை மாறவில்லையே என்று கேட்டனர். அவர்கள் கேட்டது நியாயமே. அதற்கு 1948 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. அவ்வாண்டு, இன வேற்றுமை உள்ள இராணுவத்தில் சேர வேண்டாமென்று இளைஞர்களுக்குச் சொல்லப்போவதாக அமெரிக்க மேலவையின் குழு முன்னரே ராண்டால்ஃப் அறிவித்தார். இது தேசத்துரோகம் ஆகக்கூடும் என்று எச்சரித்தனர். சிறை செல்லவும் அணியமாக இருந்தார். ஜூலை 26-ஆம் நாள் ட்ரூமன் பிறப்பித்த ஆணை, படைகளில் சமவாய்ப்பு என்ற கொள்கையை ஏற்றது.

தொழிலாளர் சம்மேளனத்தில் அவர் பட்ட பாடு தனிக் கதை. கறுப்பினத்தவரைச் சேர்க்காத வெள்ளைத் தொழிற்சங்கங்களை வெளியேற்ற வேண்டுமென்று ஆண்டுதோறும் மாநாட்டில் எழுந்து பேசுவார். 1959-இல் சம்மேளனத் தலைவர் ஜார்ஜ் மீனி, கறுப்பின மக்கள் எல்லாருக்கும் காவலர் பொறுப்பை உமக்கு யார் கொடுத்தது என்று மேடையிலேயே சீறினார். ராண்டால்ஃப் சம்மேளனத்தை விட்டு வெளியேறவில்லை. உள்ளே இருந்துகொண்டே அடுத்த ஆண்டும் அதையே பேசினார். தொழிலாளர் ஒற்றுமையை நம்பிய சமதர்மவாதிக்கு, அந்தத் தொழிலாளரிடையே உள்ள இனச் செருக்கை எதிர்ப்பதே வாழ்நாள் வேலையாக அமைந்துவிட்டது.

1955 டிசம்பரில் மான்ட்கோமரி நகரில் ரோசா பார்க்ஸ் அம்மையார் பேருந்தில் எழ மறுத்துக் கைதானபோது, அவரைப் பிணையில் மீட்டுப் பேருந்துப் புறக்கணிப்புக்கு வித்திட்டவர் ஈ. டி. நிக்சன். அவர் புல்மன் போர்ட்டர். ராண்டால்ஃபின் சங்கத்தில் அவ்வூர்க் கிளையின் தலைவர். கூட்டம் நடத்துவதும் கணக்கு எழுதுவதும் அஞ்சாமல் பேசுவதும் அவர் சங்கத்தில் கற்றவை. இளம் போதகராக இருந்த கிங்கை அப்போராட்டத்துக்கு அழைத்தவர்களுள் அவரும் ஒருவர்.

எனவே 1963-ஆம் ஆண்டுப் பேரணி திடீரென்று வானத்திலிருந்து இறங்கியதன்று. ‘வேலைக்கும் விடுதலைக்குமான பேரணி’ என்பது அதன் பெயர். வேலை என்ற சொல் முன்னே நிற்பதை நோக்குக. மணிக்கு இரண்டு டாலர் குறைந்தபட்சக் கூலி என்பதும் அதன் கோரிக்கைகளுள் ஒன்று. பயார்ட் ரஸ்டின் என்னும் திறமைமிக்க தோழரைச் செயல் பொறுப்பில் அமர்த்தச் சிலர் தயங்கினர். அவருடைய பழைய கட்சித் தொடர்பையும் தனி வாழ்க்கையையும் பகைவர் தூற்றுவர் என்று அஞ்சினர். ராண்டால்ஃப் தாமே தலைமையை ஏற்று, தம் துணையாக ரஸ்டினை அமர்த்திக்கொண்டார். அன்று மேடைக்குப் பின்னால், இருபத்து மூன்று வயது ஜான் லூயிஸின் உரை மிகக் கடுமையாக இருப்பதாகப் பூசல் எழுந்தது. இந்த நாளுக்காக வாழ்நாள் முழுதும் காத்திருந்தேன், ஒற்றுமை குலைய விடாதீர்கள் என்று ராண்டால்ஃப் கேட்டுக்கொண்டார். எவருக்கும் இணங்காத இளைஞர்கள் அவருக்கு இணங்கினர். சில மாதங்களுக்கு முன்புதான் லூசில் அம்மையார் மறைந்திருந்தார்.

குறையையும் கூறுவோம். அப்பேரணியின் முதன்மைப் பேச்சாளர் வரிசையில் பெண் ஒருவரும் இல்லை. அதற்குச் சில நாள் முன்பு, பெண்களை மாடத்தில் ஒதுக்கி உட்கார வைக்கும் பத்திரிகையாளர் மன்றம் ஒன்றில் பேச ராண்டால்ஃப் ஒப்புக்கொண்டார். வழக்கறிஞர் பாலி மர்ரே அம்மையார் இதைக் கண்டித்து அவருக்குக் கடிதம் எழுதினார். மாடத்தில் ஒதுக்கப்படுவதும் பேருந்தின் பின்னிருக்கைக்கு ஒதுக்கப்படுவதும் ஒன்றே என்பது அவர் வாதம். விருந்து சமைத்து விற்றுச் சங்கத்தைக் காத்த மகளிரை அறிந்த தலைவர் இதை உணராமற் போனது வருந்தத்தக்கது.

1966-இல், பத்தாண்டுகளில் வறுமையை ஒழிப்பதற்கான ‘விடுதலை வரவு செலவுத் திட்டம்’ ஒன்றை வெளியிட்டார். எல்லாருக்கும் வேலை, வாழத்தக்க கூலி, வீடு, மருத்துவம் என்பவை அதில் இருந்தன. வியட்நாம் போரில் மூழ்கியிருந்த அரசு அதைக் கண்டுகொள்ளவில்லை. புதிய தலைமுறையில் பலர் அவரை மிதவாதி என்று ஒதுக்கினர். 1968-இல் சங்கத் தலைமையிலிருந்து ஓய்வு பெற்றார். அவ்வாண்டு இறுதியிலேயே புல்மன் கம்பெனி படுக்கைப் பெட்டிகளை ஓட்டுவதை நிறுத்திக்கொண்டது. விமானங்களும் கார்களும் ரயில் பயணிகளைக் கொண்டு போய்விட்டன. போர்ட்டர் சங்கம் 1978-இல் வேறொரு ரயில்வே ஊழியர் சங்கத்துடன் இணைந்தது. ராண்டால்ஃப் 1979-ஆம் ஆண்டு மே 16-ஆம் நாள், தொண்ணூறாம் வயதில் நியூயார்க்கில் காலமானார். செல்வம் எதுவும் சேர்த்து வைக்கவில்லை.

சிகாகோவில் ஜார்ஜ் புல்மன் தம் பெயரிலேயே ஓர் ஊரை அமைத்திருந்தார். அவ்வூரில் 1995-இல் ஓர் அருங்காட்சியகம் தோன்றியது. அது ராண்டால்ஃபின் பெயரையும் போர்ட்டர்களின் பெயரையும் தாங்கி நிற்கிறது. ரயிலில் பணியாற்றிய கறுப்பினத் தொழிலாளர்களைப் பற்றி, அவர்களுடைய பிள்ளைகளிடமும் பேரப்பிள்ளைகளிடமும் கேட்டுப் பதிவேடு ஒன்றும் அங்கே தொகுக்கப்பட்டது. ‘ஜார்ஜ்’ என்று அழைக்கப்பட்டவர்களின் சொந்தப் பெயர்கள் அதில் எழுதப்பட்டுள்ளன.